கத்தியைக் கடலில் எறிந்த நகரம்



கிரேக்கத் திருவிழா என்றதும் ஒலிம்பியாவின் ஓட்டப்பந்தயமும், டயோனிசஸின் நாடக அரங்கும், பார்த்தினன் கோயிலில் செதுக்கிய ஊர்வலமும் நினைவுக்கு வரும். அவற்றைப் பற்றி நிறையப் பேசியாயிற்று. நான் இன்று எடுத்துக்கொண்டது ஏதென்ஸ் நகரத்து ஆண்டின் கடைசி இரண்டு மாதங்கள். தார்கேலியோன், ஸ்கிரோஃபோரியோன் என்பன அவற்றின் பெயர்கள். நம் கணக்கில் ஏறத்தாழ மே நடுவிலிருந்து ஜூலை நடுப்பகுதி வரை. கதிர் முற்றி, அறுத்து, களத்தில் மிதித்து, தூற்றி, வீடு சேர்க்கும் காலம். அந்தக் காலத்துக்குள் ஏதென்ஸ் மக்கள் இரண்டு சடங்குகளைச் செய்தார்கள். ஒன்றில் இரண்டு மனிதர்களை ஊரைவிட்டு விரட்டினார்கள். மற்றொன்றில் ஒரு கத்தியின்மேல் கொலைக்குற்றம் சாட்டி, அதைக் கடலில் எறிந்தார்கள். இடையில் ஐந்து வாரம்தான். பாடநூல்கள் முதலாவதை அப்பல்லோவின் இயலிலும் இரண்டாவதை ஸீயஸின் இயலிலும் தனித்தனியாக வைத்துவிடுகின்றன. அட்டிகாவின் உழவனோ இரண்டையும் ஒரே கோடை வெயிலில் கண்டவன். அவனைப் போல அவற்றை அருகருகே வைத்துப் பார்க்க வேண்டும் என்பதுதான் இந்தச் சொற்பொழிவு.

முதலில் மண்ணைச் சொல்ல வேண்டும். ஏதென்ஸைச் சூழ்ந்த அட்டிகா மேல்மண் மெலிந்த, மழை குறைந்த நாடு. இலையுதிர்காலத்து முதல் மழைக்கு விதைப்பார்கள். குளிர்காலத்தோடு மழை ஓய்ந்துவிடும். கோதுமை கேட்கும் ஈரம் பல ஆண்டுகளில் கிடைக்காது. ஆகவே பார்லிதான் அங்கே பெரும்பயிர். எலூசிஸில் இருந்த டிமீட்டர் கோயிலுக்கு முதல் விளைச்சலாக வந்த தானியத்தின் கணக்கு, கி.மு. 329/328ஆம் ஆண்டுக்குரியது, கல்வெட்டாகக் கிடைத்திருக்கிறது. காணிக்கை விகிதத்தைக் கொண்டு பெருக்கிப் பார்த்தால் அவ்வாண்டு அட்டிகாவில் விளைந்த பார்லி, கோதுமையைப் போலப் பத்து மடங்குக்கும் மேல். அதுவும் ஊருக்குப் போதவில்லை. கருங்கடல் கரையிலிருந்து ஆண்டுதோறும் நான்கு லட்சம் மெடிம்னோஸ் தானியம் வருவதாக டெமோஸ்தனிஸ் ஒரு வழக்குரையில் சொல்கிறார். ஒரு மெடிம்னோஸ் ஏறக்குறைய 52 லிட்டர்.

இந்த நாட்டில் தார்கேலியோன் மாதம் எப்படி இருந்திருக்கும்? பழைய தானியம் குதிரின் அடியைத் தொட்டுவிட்டது. புதுத் தானியம் கண்ணுக்குத் தெரிகிறது, கைக்கு வரவில்லை. ஓர் ஆலங்கட்டி மழையோ, பயிரில் விழும் நோயோ, ஒரு பகைப்படையோ போதும். ஓராண்டு உழைப்பு போய்விடும். கி.மு. 431இல் ஸ்பார்ட்டாவின் படை அட்டிகாவுக்குள் நுழைந்தது கதிர் முற்றிய பருவத்தில்தான். அறுவடைக்கு முந்தைய நாட்களை மகிழ்ச்சியின் நாட்கள் என்று நினைப்பது நகரத்தில் உட்கார்ந்து நினைப்பது. அவை அச்சத்தின் நாட்கள். அந்த அச்சத்தில்தான் தார்கேலியா திருவிழா வந்தது.

தார்கேலியோன் மாதத்து ஆறாம் நாளும் ஏழாம் நாளும் திருவிழா. ஆறாம் நாள் ஆர்ட்டெமிஸ் பிறந்தநாள் என்றும் ஏழாம் நாள் அவள் தம்பி அப்பல்லோ பிறந்தநாள் என்றும் நம்பினார்கள். சாக்ரட்டீஸ் பிறந்ததும் ஆறாம் நாளில்தான் என்று ஒரு மரபு உண்டு. அந்த ஆறாம் நாள், ஊர் தூய்மையாகும் நாள். இரண்டு ஆண்களைத் தேர்ந்தெடுத்தார்கள். ஒருவர் ஊர் ஆண்களுக்காக, மற்றவர் ஊர்ப் பெண்களுக்காக. ஆண்களுக்கானவர் கழுத்தில் கரிய அத்திப்பழ மாலை, பெண்களுக்கானவர் கழுத்தில் வெள்ளை அத்திப்பழ மாலை. இவர்களை ஃபார்மகோஸ் என்று அழைத்தார்கள். ஊரின் தீட்டு முழுவதும் அவர்கள்மேல் ஏறியதாகக் கொண்டு, ஊர் எல்லைக்கு வெளியே ஓட்டிவிட்டார்கள். ஊர் சுத்தமாயிற்று. மறுநாள் புதுத் தானியத்தைத் தெய்வத்துக்குப் படைத்தார்கள்.

இதற்குக் காரணக் கதையும் வைத்திருந்தார்கள். கிரீட் தீவு அரசன் மினோஸின் மகன் ஆண்ட்ரோகியோஸ் ஏதென்ஸில் கொல்லப்பட்டானாம். அதனால் கொள்ளைநோய் வந்ததாம். நோய் நீங்க இந்தச் சடங்கு தொடங்கியதாம். செய்யாத கொலைக்கு அந்த இருவர் ஆண்டுதோறும் நடந்தார்கள்.

சான்றுகளைப் பற்றி இங்கே கவனமாகப் பேச வேண்டும். ஏதென்ஸ் சடங்கைப் பற்றிய விவரம் பெரும்பாலும் பிற்கால அகராதிக்காரர்களிடமிருந்து வருகிறது. இயோனிய நகரங்களில் நடந்ததைப் பற்றி கி.மு. 6ஆம் நூற்றாண்டுக் கவிஞர் ஹிப்போனாக்ஸ் எழுதிய வசைப்பாக்களில் குறிப்பு உண்டு. ஆனால் அவை நமக்குத் துண்டுகளாக, கி.பி. 12ஆம் நூற்றாண்டு பைசாந்திய அறிஞர் ட்செட்ஸஸ் எடுத்தாண்ட வழியில்தான் வந்து சேர்ந்தன. ஊரில் எவன் மிக அவலட்சணமானவனோ அவனைப் பிடித்து, கையில் பாற்கட்டி, பார்லி அப்பம், அத்திப்பழம் கொடுத்து, காட்டு அத்திக் கிளையாலும் நரிவெங்காயத் தண்டாலும் ஏழு முறை அடித்தார்கள் என்கிறார் ட்செட்ஸஸ். பிறகு எரித்துச் சாம்பலைக் கடலில் தூவினார்கள் என்றும் சேர்த்துச் சொல்கிறார். இந்தக் கடைசிப் பகுதியை இன்றைய ஆய்வாளர் பலர் ஏற்பதில்லை. யான் பிரெம்மர் 1983இல் எழுதிய கட்டுரை, கொலை கதைகளில் நிகழ்கிறது, நடைமுறையில் விரட்டுதலோடு நின்றது என்று வாதிடுகிறது. நானும் அந்தப் பக்கமே. கொல்லவில்லை என்பதனால் சடங்கின் கொடுமை குறைந்துவிடாது. ஊர் இல்லாத மனிதனுக்கு அந்தக் காலத்தில் சட்டமும் இல்லை, அடுப்பும் இல்லை.

மற்ற நகரங்களின் வழக்கங்களும் இதே திசையைக் காட்டுகின்றன. அப்தெராவில் ஓர் அடிமையை விலைக்கு வாங்கி, ஒரு கல்லின்மேல் நிறுத்தி, வயிறு நிறைய விருந்து வைத்து, கோட்டை வாயிலுக்கு வெளியே கொண்டுபோய், மதிலைச் சுற்றி நடக்கவிட்டு, எல்லை தாண்டும்வரை கல்லால் எறிந்தார்கள். கலிமாக்கஸ் கவிதை ஒன்றுக்குப் பாப்பிரஸ் சுருளில் கிடைத்த உரைச்சுருக்கம் இதைச் சொல்கிறது. மஸ்ஸாலியாவில், அதாவது இன்றைய மார்செய்யில், கொள்ளைநோய்க் காலத்தில் ஓர் ஏழை தானே முன்வருவானாம். ஓராண்டு முழுவதும் ஊர்ச் செலவில் அவனுக்குத் தூய உணவு. பிறகு தழைகளும் புனித ஆடையும் அணிவித்து, சாபமிட்டபடியே ஊரைச் சுற்றி இழுத்துப்போய் வெளியேற்றுவார்கள். லியூக்காஸ் தீவில் குற்றவாளி ஒருவனை ஆண்டுதோறும் பாறை முனையிலிருந்து கடலில் தள்ளினார்கள். அவன் உடம்பில் இறகுகளையும் உயிருள்ள பறவைகளையும் கட்டிவிடுவார்கள், விழும் வேகம் குறைய. கீழே சிறு படகுகளில் வட்டமாக ஆட்கள் காத்திருந்து, முடிந்தால் அவனை மீட்டு எல்லைக்கு அப்பால் கொண்டுவிடுவார்கள். இது ஸ்ட்ராபோ தரும் செய்தி. கொல்லவும் வேண்டும், கொன்ற பழியும் வேண்டாம் என்ற அந்தத் தவிப்பைக் கவனியுங்கள். பறவையைக் கட்டிய கை யாருடையதோ, அந்தக் கைக்கு மனம் இருந்தது.

அடிமை, ஏழை, குற்றவாளி, அவலட்சணமானவன். எந்த நகரத்திலும் செல்வர் மகனைத் தேர்ந்தெடுத்ததாகச் செய்தி கிடையாது. புராணத்தில் மட்டுமே அரசகுமாரர்களும் அரசகுமாரிகளும் ஊருக்காக உயிர் கொடுக்கிறார்கள். புராணத்தில் தரப்பட்ட விலை உயர்ந்தது, தெருவில் தரப்பட்டது மலிவானது. ஏதென்ஸின் நகைச்சுவை நாடகங்களில் ஃபார்மகோஸ் என்ற சொல் வசவாகவே புழங்கியது. பேச்சாளன் ஆண்டோகிடிஸ் மீது நடந்த வழக்கில் எதிர்த்தரப்பு, அவனைத் தண்டிப்பது நகரத்தைத் தூய்மை செய்து ஃபார்மகோஸை அனுப்புவதற்கு ஒப்பு என்று நடுவர்களிடம் வாதிட்டது. அந்த உரை லிசியாஸின் பெயரில் நமக்கு வந்திருக்கிறது. சடங்கு நீதிமன்றத்துக்குள் நுழைந்துவிட்டது பாருங்கள். ஒருவன் குற்றம் செய்தானா என்ற கேள்விக்குப் பதிலாக, அவனை அனுப்பினால் நாம் சுத்தமாவோமா என்ற கேள்வி வந்து உட்கார்ந்துகொள்கிறது.

ஏழாம் நாள் முற்றிலும் வேறு. புதிதாக வந்த தானியங்களைக் கலந்து ஒரே பானையில் வேகவைத்து அப்பல்லோவுக்குப் படைத்தார்கள். தார்கெலோஸ் என்பது அந்தப் பானைக்கும் படையலுக்கும் பெயர். ஆண்களின் பாட்டுக்குழுக்களும் சிறுவர் பாட்டுக்குழுக்களும் போட்டியிட்டன. வென்ற குழுவின் செலவை ஏற்றவர் முக்காலி ஒன்றைப் பரிசாகப் பெற்று, பித்தியோன் கோயில் வளாகத்தில் தம் பெயர் பொறித்து நிறுத்தினார். சில குலக்குழுக்கள் சுவீகாரம் எடுத்த பிள்ளைகளைத் தம் பேரேட்டில் பதிந்ததும் இந்தத் திருவிழாவில்தான். இசேயஸின் ஒரு சொத்து வழக்குரையில் அந்தச் செய்தி இருக்கிறது. முதல்நாள் இரண்டு பேரை வெளியே அனுப்பிய ஊர் மறுநாள் ஒரு பிள்ளையை உள்ளே சேர்த்துக்கொள்கிறது. இதைத் தற்செயல் என்று என்னால் தள்ள முடியவில்லை. எல்லையைப் புதிதாகக் கிழித்த பிறகே உள்ளே யார் என்று எழுத முடிந்தது.

அதே மாதத்து 25ஆம் நாள் பிளிந்தேரியா. அதீனாவின் பழைய மரச்சிலையின் ஆடைகளைக் களைந்து, மூடி மறைத்து, கழுவும் நாள். ஊரில் எவரும் நல்ல காரியம் தொடங்க மாட்டார்கள். நாடுகடத்தப்பட்டிருந்த படைத்தலைவன் அல்கிபியாடிஸ் கப்பலில் திரும்பி வந்து இறங்கியது அந்த நாளில். தெய்வம் முகம் காட்டாத நாளில் வந்தான் என்று ஊர் முணுமுணுத்தது.

இனி, ஸ்கிரோஃபோரியோன் மாதத்து 14ஆம் நாள். களத்தில் சூடு மிதிக்கும் பருவம். அக்ரோபொலிஸ் குன்றின்மேல் நகரக் காவலன் ஸீயஸின் பீடம். அதன்மேல் பார்லியும் கோதுமையும் கலந்து பரப்புகிறார்கள். மாடுகளை ஓட்டி வருகிறார்கள். எந்த மாடு முன்சென்று அந்தத் தானியத்தில் வாய் வைக்கிறதோ, அதைக் கோடரியால் வெட்டுகிறார்கள். வெட்டியவன் கோடரியைக் கீழே போட்டுவிட்டு ஓடிவிடுகிறான். பூஃபோனியா என்ற இந்தச் சடங்கு, கி.மு. 423இல் அரிஸ்டோஃபேனிஸ் தம் நாடகம் ஒன்றில் பத்தாம்பசலித்தனத்துக்கு உதாரணமாக எடுக்கும் அளவுக்குப் பழையது.

பிறகு நடப்பதைத் தியோஃப்ராஸ்டஸை அடியொற்றி போர்ஃபிரி விரிவாக எழுதியிருக்கிறார். வெட்டிய மாட்டின் இறைச்சியை எல்லாரும் உண்கிறார்கள். தோலுக்குள் வைக்கோலைத் திணித்துத் தைத்து, மாட்டை உயிரோடிருந்த கோலத்தில் எழுப்பி நிறுத்தி, கலப்பையில் பூட்டுகிறார்கள். அப்புறம் விசாரணை. யார் கொன்றது? கோடரியும் கத்தியும் தீட்டத் தண்ணீர் சுமந்து வந்த பெண்களைக் கேட்டால், நாங்கள் தண்ணீர்தான் கொடுத்தோம், தீட்டியவர்களைக் கேளுங்கள் என்கிறார்கள். தீட்டியவர்கள், எடுத்துக் கொடுத்தவனைக் காட்டுகிறார்கள். எடுத்துக் கொடுத்தவன் அறுத்தவனைக் காட்டுகிறான். அறுத்தவன் கத்தியைக் காட்டுகிறான். கத்தி பேசவில்லை. குற்றம் உறுதியாகிறது. கத்தியைக் கடலில் எறிகிறார்கள். பௌசானியஸ் சொல்லும் வடிவம் வேறு: அங்கே கோடரியை விசாரித்து விடுவிக்கிறார்கள். உயிரற்ற பொருள்களை விசாரிக்க ஏதென்ஸில் உண்மையாகவே ஒரு மன்றம் இருந்தது. அரிஸ்டாட்டில் பள்ளியின் அரசமைப்பு நூலும் அதைக் குறிப்பிடுகிறது.

இந்தச் சடங்கைக் குறித்து கார்ல் மியூலி என்ற சுவிஸ் அறிஞர் 1946இல் ஒரு விளக்கம் தந்தார். வால்ட்டர் புர்கெர்ட் 1972இல் அதை விரித்தார். குற்றமற்றவர்போல் நடிக்கும் நாடகம் இது, வேட்டைக்கால மனிதனின் மனவுறுத்தல் இதில் எஞ்சியிருக்கிறது என்பது அந்த விளக்கம். பெரிய அறிஞர்கள். ஆயினும் நடிப்பு என்ற அளவில் இதைச் சுருக்குவதை என்னால் ஏற்க முடியவில்லை. கொல்லப்பட்டது காட்டு விலங்கு அன்று, உழவு மாடு. ஏரில் பூட்டி உழைத்த மாட்டைப் பலியிடக்கூடாது என்பது அட்டிகாவின் பழஞ்சட்டம் என்று ஏலியன் எழுதுகிறார். முதன்முதல் மாட்டை நுகத்தில் பூட்டியவர் என்று போற்றப்பட்ட பூஸிகிஸின் வழிவந்த பூசாரி, அக்ரோபொலிஸ் அடிவாரத்தில் புனித உழவு உழும்போது சில சாபங்களை உரக்கச் சொல்வார். கேட்டவர்க்குத் தண்ணீரும் நெருப்பும் தர மறுப்பவனுக்குச் சாபம். வழி தவறியவனுக்கு வழி காட்டாதவனுக்குச் சாபம். பிணத்தைப் புதைக்காமல் விட்டுப்போகிறவனுக்குச் சாபம். உழவோடு கூடவே பிறந்த அறம் இது. அந்த அறம் உள்ளவர்கள், கூட உழைத்த உயிரைக் கொன்ற நாளில் வெட்கப்பட்டார்கள். அந்த வெட்கத்துக்கு அவர்கள் கண்ட வடிவம் பூஃபோனியா.

இதன் காரணக் கதைதான் என் வாதத்துக்கு உயிர். சோபாட்ரோஸ் என்பவன் அட்டிகாவில் பயிர் செய்து வாழ்ந்த அயலான். உழவிலிருந்து திரும்பிய மாடு பீடத்தில் வைத்த படையலைத் தின்று மிதித்துவிட, ஆத்திரத்தில் அருகே தீட்டிக்கொண்டிருந்த கோடரியைப் பறித்து வெட்டிவிட்டான். ஆத்திரம் தணிந்ததும் மாட்டைப் புதைத்துவிட்டு, தானாகவே கிரீட்டுக்கு ஓடிப்போனான். நாட்டில் மழை பொய்த்தது, விளைச்சல் இல்லை. டெல்ஃபியில் குறி கேட்டார்கள். கிரீட்டில் இருக்கும் அகதியால்தான் துயர் தீரும், கொன்றவனைத் தண்டித்து, செத்ததை அது செத்த பலியிலேயே எழுப்புங்கள், எல்லாரும் அதை உண்ணுங்கள் என்று குறி வந்தது. தேடிக் கண்டுபிடித்தார்கள். சோபாட்ரோஸ் ஒரு நிபந்தனை வைத்தான்: என்னை உங்கள் குடிமகனாக்குங்கள், கொலையில் எல்லாரும் பங்கெடுங்கள். ஏற்றார்கள். உள்ளபடியே கொன்றவன் அயலான். அவன் பழியை ஊர் முழுதும் பகிர்ந்துகொண்டு அவனை உள்ளே அழைத்துக்கொண்டது. எஞ்சிய பழியைக் கத்தி சுமந்துபோயிற்று.

ஐந்து வாரத்துக்கு முன் நடந்ததை இப்போது நினைத்துப் பாருங்கள். எதுவும் செய்யாத இருவர், ஊரில் பிறந்தவர்களாகவே இருக்கலாம், அத்திப்பழ மாலையோடு எல்லைக்கு வெளியே. பழியைப் பகிரவும் அந்த நகரத்துக்குத் தெரிந்திருந்தது. பழியை ஓர் இரும்புத் துண்டின்மேல் ஏற்றி மனிதரைக் காப்பாற்றவும் தெரிந்திருந்தது. மாட்டின் பொருட்டு இத்தனையும் செய்தது. ஏழை மனிதனின் பொருட்டுச் செய்யவில்லை. ஏன்? என் விடை இது. மாட்டைக் கொன்றதில் தாங்கள் செய்தவர்கள் என்று அவர்களுக்குத் தெளிவாகத் தெரிந்தது. இரத்தம் கண்ணெதிரே இருந்தது. விளைச்சல் பொய்த்துவிடுமோ என்ற அச்சத்தில் செய்தவர் யாரும் இல்லை. அச்சத்துக்குக் குற்றவாளி கிடையாது, ஆகவே ஒருவனை உண்டாக்க வேண்டியிருந்தது. தெரிந்த குற்றத்தில் அவர்கள் நேர்மையாக இருந்தார்கள். தெரியாத ஆபத்தில் கொடியவர்களானார்கள்.

தீட்டைக் கையாள மூன்றாவது வழியும் அதே நகரத்தில் இருந்தது. அது பெண்களின் வழி. விதைப்புக்கு முன், பியானோப்சியோன் மாதத்தில், திருமணமான குடிப்பெண்கள் மட்டும் கூடிய தெஸ்மோஃபோரியா. 11ஆம் நாள் மேலேறுதல், 12ஆம் நாள் உண்ணாநோன்பு, 13ஆம் நாள் நல்மகவின் நாள். ஆண்களுக்கு அனுமதி இல்லை. நோன்பு நாளில் பெண்கள் பூச்சூடாமல், நொச்சி இனத்துச் செடியின் தழைகளைப் பரப்பித் தரையில் உட்கார்ந்தார்கள். மகளைப் பாதாள மன்னனிடம் பறிகொடுத்த டிமீட்டர் உட்கார்ந்ததுபோல. நிலத்தடிப் பிளவுகளில் முன்னரே பன்றிக்குட்டிகளைப் போட்டிருப்பார்கள். மூன்று நாள் தூய்மை காத்த பெண்கள் கைதட்டிப் பாம்புகளை விலக்கியபடி அந்தக் குழிகளில் இறங்கி, அழுகிய எச்சத்தை அள்ளி மேலே கொண்டுவந்து பீடத்தில் வைத்தார்கள். அதை எடுத்து விதையோடு கலந்து விதைத்தால் விளைச்சல் பெருகும் என்று நம்பினார்கள். லூசியன் நூலுக்குப் பிற்காலத்தார் எழுதிய ஓர் ஓரக்குறிப்பு இல்லையென்றால் இதில் பெரும்பகுதி நமக்குத் தெரியாமலே போயிருக்கும். ஊரில் மிக அருவருப்பான பொருளை ஊருக்கு வெளியே எறியாமல், நோன்பிருந்த கைகளால் எடுத்து நிலத்துக்குத் திருப்பிக் கொடுத்தார்கள். கிரேக்க சமயத்தில் இதைவிட ஆழமான செயலை நான் அறியேன். அரிஸ்டோஃபேனிஸ் கி.மு. 411இல் இந்த விழாவை வைத்து நாடகம் எழுதினார். குழிகளைப் பற்றி அதில் எதுவும் சொல்லவில்லை.

கடைசியாக, இதே முரணை ஒரே மனிதரிடம் காட்டும் எழுத்தாளர் ப்ளூட்டார்க். ஏதென்ஸின் பெருமைக்காலத்துக்கு ஐந்நூறு ஆண்டுகள் பிற்பட்டவர். பியோஷியா நாட்டுக் கெரோனியா ஊர்க்காரர். இறைச்சி உண்பதைக் கண்டித்து எழுதியவர். மூத்த கேட்டோவின் வரலாற்றில், வயதான அடிமைகளை விற்றுவிட வேண்டும் என்ற கேட்டோவின் கொள்கையைக் கடிந்து, எனக்காக உழைத்த மாட்டைக்கூட முதுமை காரணமாக விற்க மாட்டேன், மனிதனை எப்படி விற்பது என்ற கருத்தில் எழுதியவர். பூஃபோனியாவின் மனச்சான்று அவருக்குள் இருந்தது. அவர் ஊரில் கடும்பசியை விரட்டும் சடங்கு ஒன்று இருந்தது. ஊர்த் தலைவர் பொது அடுப்பங்கரையிலும், மற்றவர் தம் வீட்டிலும், ஓர் அடிமையை நொச்சி இனத்துச் செடியின் கழிகளால் அடித்து, பசியே வெளியே போ, செல்வமும் நலமும் உள்ளே வருக என்ற பொருளில் கூவி, கதவுக்கு வெளியே துரத்துவார்கள். ப்ளூட்டார்க் ஊர்த் தலைவராக இருந்த ஆண்டில் வழக்கத்தைவிடக் கூட்டம் அதிகம். அவரே சடங்கை நடத்தினார். பிறகு நண்பர்களோடு மீண்டும் விருந்துக்குச் சாய்ந்து, அந்தப் பசியின் பெயர் எப்படி வந்தது, பனியில் நடப்பவர்களுக்கு அது ஏன் வருகிறது என்று வெகுநேரம் உரையாடினார். அந்த உரையாடல் முழுவதையும் எழுதி வைத்திருக்கிறார். அடிபட்டு வெளியே போனவனைப் பற்றி அதற்குமேல் ஒரு சொல் இல்லை.